மத்திய பட்ஜெட்டை வாசிப்பது எப்படி?

பிப்ரவரி 1ஆம் தேதி காலை 11 மணிக்கு நிதியமைச்சர் மக்களவையில் பட்ஜெட் உரையை வாசிக்கத் தொடங்கியதும், தொலைக்காட்சிகளில் இரண்டு கேள்விகளே திரும்பத் திரும்ப ஓடிக்கொண்டிருக்கும்: வருமான வரி உச்சவரம்பு உயர்ந்ததா, எந்தெந்தப் பொருளின் விலை குறையும்? இரண்டும் நியாயமான கேள்விகள்தாம். ஆனால் இரண்டாவது கேள்விக்கு இன்றைய பட்ஜெட்டில் பெரும்பாலும் பதில் கிடையாது. 2017 ஜூலையில் ஜிஎஸ்டி நடைமுறைக்கு வந்த பிறகு, பெரும்பாலான பொருள்கள் மற்றும் சேவைகளின் வரி விகிதம் மத்திய, மாநில நிதியமைச்சர்கள் கூடும் ஜிஎஸ்டி கவுன்சிலில் முடிவாகிறது. அந்தக் கவுன்சில் ஆண்டின் எந்த மாதத்திலும் கூடலாம். பட்ஜெட் நாளில் நிதியமைச்சர் தொடக்கூடிய மறைமுக வரிகள் என்று எஞ்சியிருப்பவை, இறக்குமதிப் பொருள்கள் மீதான சுங்க வரியும், பெட்ரோல், டீசல், புகையிலை போன்ற சிலவற்றின் மீதான கலால் வரியும்தான். எனவே, ‘விலை குறையும் பொருள்கள்’ என்ற பட்டியலைப் பார்த்து பட்ஜெட்டைப் புரிந்துகொள்ள முயல்பவர்கள், அதன் மிகச் சிறிய மூலை ஒன்றையே பார்த்துவிட்டு நகர்கிறார்கள்.

பட்ஜெட் என்பது அடிப்படையில் ஓர் அனுமதிக் கோரிக்கை. சட்டத்தின் அனுமதியின்றி எந்த வரியும் விதிக்கவோ வசூலிக்கவோ கூடாது என்கிறது அரசியலமைப்பின் 265ஆவது பிரிவு. வசூலித்த பணம் சென்றுசேரும் இந்தியத் தொகுப்பு நிதியத்திலிருந்து சட்டத்தின் அனுமதியின்றி ஒரு ரூபாயும் எடுக்கக் கூடாது என்கிறது 266ஆவது பிரிவு. செலவுக்கான இந்த அனுமதி ஏப்ரல் 1 முதல் மார்ச் 31 வரை ஓராண்டுக்கு மட்டுமே செல்லும். பெரும்பான்மை பலமுள்ள அரசாக இருந்தாலும் அடுத்த ஆண்டு மீண்டும் நாடாளுமன்றத்தின் முன் வந்து நிற்கத்தான் வேண்டும். அப்படி வந்து நிற்கும்போது வைக்க வேண்டிய வரவு செலவு மதிப்பீட்டைத்தான் 112ஆவது பிரிவு ‘ஆண்டு நிதிநிலை அறிக்கை’ என்கிறது. நிதியமைச்சரின் உரை இந்த ஆவணங்களுக்கான விளக்கமே தவிர, அதற்கெனத் தனிச் சட்ட வலிமை எதுவும் இல்லை. உரையில் ஒரு புதிய திட்டத்தின் பெயர் காதில் விழுந்தால், செலவின ஆவணத்தில் அதற்கு எத்தனை கோடி ஒதுக்கியிருக்கிறார்கள் என்பதைப் பார்த்துவிட்டுக் கைதட்டுவது நல்லது.

அரசின் பணம் மூன்று கணக்குகளில் இருக்கிறது. வரி, கட்டணம், கடன் என்று அரசு பெறும் அனைத்தும் சேரும் தொகுப்பு நிதியம் இவற்றில் முதன்மையானது. பட்ஜெட் விவாதம் ஏறத்தாழ முழுவதும் இதைச் சுற்றியே நடக்கிறது. திடீர்ப் பேரிடர் போன்ற சமயங்களில் நாடாளுமன்றம் கூடும்வரை காத்திருக்க முடியாது என்பதால், எதிர்பாராச் செலவு நிதியம் என்று ஒரு தொகை தனியாக வைக்கப்பட்டிருக்கிறது. நெடுங்காலம் 500 கோடி ரூபாயாக இருந்த அதன் அளவு 2021இல் 30,000 கோடியாக உயர்த்தப்பட்டது. மூன்றாவதான பொதுக் கணக்கில் இருப்பது அரசின் சொந்தப் பணமன்று. அரசு ஊழியர்களின் வருங்கால வைப்பு நிதி, சிறுசேமிப்புத் தொகை போன்றவை அங்கே இருக்கின்றன. உரியவர்களுக்குத் திருப்பித் தர வேண்டிய பணம் என்பதால் அதைக் கொடுக்க நாடாளுமன்றத்தின் வாக்கு தேவையில்லை.

இனி எண்களுக்கு வருவோம். பட்ஜெட் ஆவணங்கள் பல நூறு பக்கங்களுக்கு நீண்டாலும், ‘பட்ஜெட் ஒரு பார்வை’ என்ற மெல்லிய தொகுப்பின் முதல் அட்டவணையே சாரத்தைச் சொல்லிவிடும். 2025 பிப்ரவரியில் தாக்கல் செய்யப்பட்ட 2025–26 பட்ஜெட்டை எடுத்துக்கொள்வோம். மத்திய அரசு அந்த ஆண்டில் செலவிடத் திட்டமிட்ட மொத்தத் தொகை 50.65 லட்சம் கோடி ரூபாய். மாநிலங்களின் பங்கைக் கொடுத்தது போக மத்திய அரசின் கையில் நிற்கும் வரி வருவாய் 28.37 லட்சம் கோடி. ரிசர்வ் வங்கியும் பொதுத்துறை நிறுவனங்களும் தரும் ஈவுத்தொகை, அலைக்கற்றைக் கட்டணம் போன்ற வரியல்லா வருவாய் 5.83 லட்சம் கோடி. பொதுத்துறைப் பங்கு விற்பனை, கொடுத்த கடன் திரும்பி வருவது ஆகியவற்றால் கிடைப்பது 0.76 லட்சம் கோடி. இம்மூன்றையும் கூட்டினால் 34.96 லட்சம் கோடி வருகிறது. செலவில் இதைக் கழித்தால் துண்டு விழும் 15.69 லட்சம் கோடிதான் நிதிப் பற்றாக்குறை. அந்த ஆண்டில் அரசு புதிதாக வாங்க வேண்டிய கடனின் அளவு அது. நாட்டின் மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 4.4 சதவீதம் என்று செய்திகளில் சொல்லப்படுவதும் இதே தொகைதான்.

கடன் வாங்குவது தவறா என்ற கேள்வி இங்கே எழும். எதற்காக வாங்குகிறோம் என்பதைப் பொறுத்தே இதற்குப் பதில் சொல்ல முடியும். அதற்காகத்தான் பட்ஜெட்டில் செலவு இரண்டாகப் பிரிக்கப்படுகிறது. சாலை, ரயில் பாதை, துறைமுகம், ராணுவத் தளவாடம் என்று சொத்தாக நிற்பவற்றுக்கான செலவும், மாநிலங்களுக்கும் பிறருக்கும் கொடுக்கும் கடனும் மூலதனச் செலவு. சம்பளம், ஓய்வூதியம், மானியம், வட்டி போன்ற அன்றாட நடப்புக்கான செலவு வருவாய்ச் செலவு. 2025–26இல் மூலதனச் செலவு 11.21 லட்சம் கோடி, வருவாய்ச் செலவு 39.44 லட்சம் கோடி. அதே ஆண்டின் வருவாய் வரவோ, அதாவது மேலே பார்த்த வரி வருவாயும் வரியல்லா வருவாயும் சேர்ந்த தொகையோ, 34.20 லட்சம் கோடிதான். ஆக, அன்றாடச் செலவுக்கே 5.24 லட்சம் கோடி போதவில்லை. இந்த வருவாய்ப் பற்றாக்குறைதான், என் பார்வையில், செய்திகளில் அதிகம் பேசப்பட வேண்டிய எண். வாங்கும் கடனில் மூன்றில் ஒரு பங்கு எந்தச் சொத்தையும் உருவாக்காமல் நடப்புச் செலவில் கரைகிறது என்பதை அது காட்டிக்கொடுக்கிறது.

இந்தப் பிரிவினையையும் கண்ணை மூடிக்கொண்டு நம்பிவிடக் கூடாது. தடுப்பூசி வாங்குவதும், ஆராய்ச்சியாளருக்கு உதவித்தொகை தருவதும் கணக்கில் வருவாய்ச் செலவுகளே. அவற்றை வீண் செலவு என்று யாரும் சொல்ல மாட்டார்கள். ஊரக வீடு கட்டவும் கிராமச் சாலை போடவும் மத்திய அரசு மாநிலங்களுக்குத் தரும் மானியமும், சொத்து மாநிலத்திலோ பயனாளியிடமோ உருவாவதால், மத்திய அரசின் ஏட்டில் வருவாய்ச் செலவாகவே பதிவாகிறது. 2025–26இல் இப்படிப்பட்ட மூலதனச் சொத்து உருவாக்க மானியம் மட்டும் 4.27 லட்சம் கோடி. அதைக் கழித்துவிட்டுப் பார்த்தால் வருவாய்ப் பற்றாக்குறை ஒரு லட்சம் கோடிக்குச் சற்றுக் கீழே இறங்கிவிடுகிறது. ‘பயனுறு வருவாய்ப் பற்றாக்குறை’ என்று பட்ஜெட்டில் தனியே ஒரு வரி இருப்பதன் காரணம் இதுதான். இந்த இரண்டு எண்களில் தமக்கு வசதியானதை மட்டும் ஆளும்கட்சியும் எதிர்க்கட்சியும் எடுத்துப் பேசுவதை ஒவ்வோர் ஆண்டும் பார்க்கலாம்.

பற்றாக்குறைகளில் இன்னும் ஒன்று இருக்கிறது. 2025–26இல் பழைய கடன்களுக்கான வட்டியாக மட்டும் 12.76 லட்சம் கோடி ஒதுக்கப்பட்டது. நிதிப் பற்றாக்குறையான 15.69 லட்சம் கோடியிலிருந்து இந்த வட்டியைக் கழித்தால் கிடைக்கும் 2.93 லட்சம் கோடியை முதன்மைப் பற்றாக்குறை என்பார்கள். பழைய கடன் எதுவும் இல்லாதிருந்தால் இந்த ஆண்டின் செலவுக்காக வாங்க வேண்டியிருந்த கடன் இவ்வளவுதான் என்பது அதன் பொருள். மீதிக் கடன் முழுவதும், முந்தைய ஆண்டுகளின் கடனுக்கு வட்டி கட்டும் அளவுக்குச் சமம். அரசின் வருவாய் வரவில் ஏறத்தாழ 37 சதவீதம் வட்டிக்கே போய்விடுகிறது. எந்த அமைச்சர் வந்தாலும் அதில் கை வைக்க முடியாது.

அரசுக்கு யார் கடன் கொடுக்கிறார்கள் என்பது பலர் கேட்கத் தயங்கும் கேள்வி. உலக வங்கியிடம் வாங்குகிறார்கள் என்ற எண்ணம் பரவலாக இருந்தாலும், வெளிநாட்டுக் கடனின் பங்கு மிகச் சிறியது. அரசின் சார்பில் ரிசர்வ் வங்கி கடன் பத்திரங்களை ஏலம் விடுகிறது. வங்கிகள், ஆயுள் காப்பீட்டு நிறுவனங்கள், வருங்கால வைப்பு நிதி அமைப்புகள் முதலானவை அவற்றை வாங்குகின்றன. 2025–26இல் இப்படிச் சந்தையில் நிகரமாகத் திரட்டத் திட்டமிட்ட தொகை 11.54 லட்சம் கோடி. எஞ்சியதில் பெரும்பகுதி அஞ்சலகச் சிறுசேமிப்பிலிருந்து வருவது. நாம் கட்டும் காப்பீட்டுப் பிரீமியமும், வங்கியில் போட்டுவைக்கும் வைப்புத்தொகையும் சுற்றிவளைத்து அரசின் கடனாக மாறுகின்றன என்றே சொல்லலாம்.

வரவுக்குள் செலவை அடக்கும் குடும்பத்தோடு அரசை ஒப்பிட்டு, ‘கடன் வாங்காமல் இருக்கத் தெரியாதா’ என்று கேட்பவர்கள் உண்டு. குடும்பத் தலைவருக்கு வயதாகும், வருமானம் நிற்கும், கடனை அடைத்தாக வேண்டும். அரசுக்கு அப்படியொரு முடிவு நாள் இல்லை, முதிர்ந்த பத்திரத்தைப் புதிய பத்திரம் வெளியிட்டு அடைக்க அதனால் முடியும், வரி விதிக்கும் அதிகாரமும் அதனிடம் உண்டு. பொருளாதாரம் சுருங்கும்போது எல்லோரும் செலவைக் குறைக்க, அரசும் சேர்ந்து குறைத்தால் சுருக்கம் இன்னும் மோசமாகும் என்பதும் உண்மை. அதற்காக வரம்பே வேண்டாம் என்று ஆகிவிடாது. ஒரு காலத்தில் பற்றாக்குறை ஏற்படும்போதெல்லாம் ரிசர்வ் வங்கியிடம் குறுகிய காலப் பத்திரங்களைக் கொடுத்துத் தானாகவே பணம் பெற்றுக்கொள்ளும் வழி மத்திய அரசுக்கு இருந்தது. விலைவாசியை ஏற்றிவிடும் அந்த வழக்கம் 1997இல் கைவிடப்பட்டது. 2003இல் நிதிப் பொறுப்புச் சட்டம் இயற்றப்பட்டு, நிதிப் பற்றாக்குறையை உற்பத்தியில் 3 சதவீதத்துக்குள் கொண்டுவருவது இலக்காக வைக்கப்பட்டது. இலக்கு பலமுறை தள்ளிப்போயிருக்கிறது. 2020–21இல் 3.5 சதவீதம் என்று தொடங்கிய மதிப்பீடு, கொரோனா ஆண்டின் முடிவில் 9.5 சதவீதமாகத் திருத்தப்பட்டது.

பட்ஜெட் மறுநாள் நாளிதழ்களில் ஒரு ரூபாய் நாணயத்தின் வட்டப் படம் வரும்: ‘ரூபாய் எங்கிருந்து வருகிறது, எங்கே போகிறது’. 2025–26 படத்தின்படி ஒரு ரூபாயில் 24 பைசா கடன், 22 பைசா வருமான வரி, 17 பைசா கார்ப்பரேட் வரி. படம் பொய் சொல்லவில்லை. ஆனால் அவசரத்தில் பார்ப்பவர் ஏமாற வாய்ப்புண்டு. அந்த ரூபாயில் மாநிலங்களுக்குப் பகிர்ந்தளிக்கும் வரிப் பங்கும் சேர்ந்திருக்கிறது. செலவுப் பக்கத்தில் 22 பைசா ‘மாநிலங்களின் பங்கு’ என்று வருவது அதனால்தான். மத்திய அரசின் சொந்தச் செலவான 50.65 லட்சம் கோடியை மட்டும் அடிப்படையாகக் கொண்டால், கடன் 24 பைசாவல்ல, ஏறத்தாழ 31 பைசா. வட்டியும் படத்தில் உள்ள 20 பைசாவிலிருந்து 25 பைசாவாக ஏறிவிடும்.

மாநிலங்களின் பங்கு என்பதையும் சற்று நின்று பார்க்க வேண்டும். ஐந்தாண்டுகளுக்கு ஒருமுறை, 280ஆவது பிரிவின்படி அமைக்கப்படும் நிதி ஆணையம் இந்தப் பங்கைப் பரிந்துரைக்கிறது. 2021 முதல் 2026 வரையிலான காலத்துக்கு 15ஆவது நிதி ஆணையம் 41 சதவீதம் என்று சொன்னது. ஆனால் 2025–26இல் மத்திய அரசு வசூலிக்கத் திட்டமிட்ட மொத்த வரி 42.70 லட்சம் கோடி. மாநிலங்களுக்குப் போவதாகக் காட்டப்பட்டது 14.22 லட்சம் கோடி. கணக்குப் போட்டால் 33 சதவீதம்தான் வருகிறது. எண்கள் எங்கேயோ இடிக்கின்றனவே என்று தோன்றும். இடிப்பதற்கு முக்கியக் காரணம், குறிப்பிட்ட நோக்கத்துக்காக விதிக்கும் செஸ்ஸும், வரியின் மேல் கூடுதலாக விதிக்கும் சர்சார்ஜும். இவற்றில் கிடைக்கும் வருவாயை மாநிலங்களோடு பகிர வேண்டியதில்லை என்று அரசியலமைப்பே விலக்களித்திருக்கிறது. பெட்ரோல், டீசல் மீது மத்திய அரசு விதிக்கும் வரியில் பெரும்பகுதி செஸ்ஸாகவும் கூடுதல் தீர்வையாகவும் இருப்பதால், அவற்றின் மீது மத்திய அரசு வரியை உயர்த்தினாலும் அந்த உயர்வு மாநிலங்களின் கைக்குப் பெரிதாக வந்துசேர்வதில்லை. சென்னை முதல் கொல்கத்தா வரை மாநில நிதியமைச்சர்கள் எழுப்பும் புகாரின் கணக்கு இதுதான்.

ஆவணத்தைக் கையில் எடுப்பவர் பழகிக்கொள்ள வேண்டிய மிக முக்கியமான பழக்கம், ஒரே வரியில் பக்கவாட்டாக வாசிப்பது. ஒவ்வோர் இனத்துக்கும் நேராக நான்கு எண்கள் இருக்கும்: முந்தைய ஆண்டில் உண்மையில் செலவானது, நடப்பாண்டுக்கு முதலில் போட்ட பட்ஜெட் மதிப்பீடு, நடப்பாண்டின் போக்கைப் பார்த்து மாற்றிய திருத்திய மதிப்பீடு, வரும் ஆண்டுக்கான பட்ஜெட் மதிப்பீடு. தலைப்புச் செய்தியில் வருவது கடைசி எண். ஒரு திட்டத்துக்கு 20 சதவீதம் கூடுதல் நிதி என்று அறிவிக்கப்பட்டால், எதைவிடக் கூடுதல் என்று கேட்க வேண்டும். போன ஆண்டு அறிவித்த தொகையில் பாதியைக்கூடச் செலவழிக்காமல் திருத்திய மதிப்பீட்டில் குறைத்துவிட்டு, அந்தக் குறைந்த தொகையோடு ஒப்பிட்டு இந்த ஆண்டு உயர்த்தியிருப்பதாகச் சொல்லவும் இடமிருக்கிறது.

இந்தப் பக்கவாட்டு வாசிப்பில் எவ்வளவு தெரியவரும் என்பதற்கு உணவு மானியம் நல்ல சான்று. 2020–21க்கு முதலில் ஒதுக்கிய உணவு மானியம் 1,15,570 கோடி ரூபாய். 2021 பிப்ரவரியில் வெளியான திருத்திய மதிப்பீட்டில் அது 4,22,618 கோடியாக நின்றது. கொரோனா காலத்தில் இலவசமாக அரிசியும் கோதுமையும் கொடுத்தது இதில் ஒரு பகுதி. பெரிய பகுதி வேறு. இந்திய உணவுக் கழகத்துக்குத் தர வேண்டிய மானியத்தை அரசு பல ஆண்டுகளாக முழுமையாகத் தரவில்லை. பதிலாகத் தேசியச் சிறுசேமிப்பு நிதியிலிருந்து கழகத்தைக் கடன் வாங்கச் செய்தது. கடன் கழகத்தின் பெயரில் இருந்ததால் மத்திய அரசின் பற்றாக்குறைக் கணக்கில் அது தெரியவில்லை. அந்தக் கடனை அடைக்க அரசு முடிவுசெய்த ஆண்டில் எண் எகிறியது. கணக்கைச் சுத்தம் செய்த அந்த முடிவைப் பாராட்ட வேண்டும். அதே சமயம், அதற்கு முந்தைய ஆண்டுகளில் அறிவிக்கப்பட்ட பற்றாக்குறை உண்மையைவிடக் குறைவாகவே காட்டப்பட்டது என்பதையும் அந்த ஒரே எண் ஒப்புக்கொண்டுவிட்டது.

உரை முடிந்த பிறகு நடப்பதைப் பெரும்பாலானோர் பின்தொடர்வதில்லை. சுங்க வரி, கலால் வரி மாற்றங்கள், தற்காலிக வரி வசூல் சட்டத்தின் துணையால், அன்று நள்ளிரவு கடந்ததுமே நடைமுறைக்கு வரக்கூடும். பதுக்கலைத் தடுக்க அந்த ஏற்பாடு. மற்றவை நாடாளுமன்ற நடைமுறையின்படி நகர்கின்றன. ஒவ்வோர் அமைச்சகமும் தனக்கு வேண்டிய தொகையை மானியக் கோரிக்கையாக வைக்கிறது. துறைசார் நிலைக்குழுக்கள் அவற்றை ஆராய்கின்றன. பிறகு மக்களவையில் விவாதம், வாக்கெடுப்பு. மாநிலங்களவைக்கு மானியக் கோரிக்கைகள் மீது வாக்களிக்கும் உரிமை இல்லை. பண மசோதாவை 14 நாள்களுக்குள் பரிந்துரைகளோடு திருப்பி அனுப்ப மட்டுமே அதனால் முடியும். கோரிக்கையைக் குறைக்கச் சொல்லி உறுப்பினர்கள் வெட்டுத் தீர்மானம் கொண்டுவரலாம். கொள்கையையே ஏற்கவில்லை என்றால் ஒரு ரூபாயாகக் குறைக்கக் கோரலாம். ஒரு குறிப்பிட்ட குறையைச் சுட்டிக்காட்ட 100 ரூபாய் குறைக்கக் கோரலாம். வட்டி, குடியரசுத் தலைவர் மற்றும் உச்ச நீதிமன்ற நீதிபதிகளின் ஊதியம் போன்றவை வாக்கெடுப்புக்கே வராத செலவுகள். அவற்றைப் பற்றிப் பேசலாம், நிராகரிக்க முடியாது.

நூற்றை ஒட்டிய எண்ணிக்கையில் கோரிக்கைகள் இருக்க, ஒரு சில அமைச்சகங்களைப் பற்றி மட்டுமே விவாதிக்க நேரம் கிடைக்கிறது. குறித்த நாள் மாலை, மீதமுள்ள அனைத்தும் ஒரே மூச்சில் வாக்குக்கு விடப்பட்டு நிறைவேற்றப்படுகின்றன. இதற்குக் ‘கில்லட்டின்’ என்று பெயர். 2018இலும் 2023இலும் அமளிக்கு நடுவே ஓர் அமைச்சகத்தின் கோரிக்கைகூட விவாதிக்கப்படாமல் எல்லாமே இப்படி நிறைவேறின. பல லட்சம் கோடிச் செலவுக்குச் சில நிமிடங்களில் தலையாட்டப்பட்டதைப் பற்றி, வருமான வரி வரம்பைப் பற்றி எழுந்த பேச்சில் நூறில் ஒரு பங்குகூட எழவில்லை. கோரிக்கைகள் நிறைவேறியதும் நிதி ஒதுக்கீட்டுச் சட்டம் செலவுக்கான அனுமதியையும், நிதிச் சட்டம் வரி மாற்றங்களையும் உறுதிசெய்கின்றன. தேர்தல் நடக்கும் ஆண்டுகளில் இவ்வளவுக்கும் நேரம் இருக்காது என்பதால், 2024 பிப்ரவரியில் நடந்ததுபோல, இடைக்கால பட்ஜெட்டுடன் சில மாதச் செலவுக்கு மட்டும் முன் அனுமதி பெறப்படுகிறது; புதிய அரசு அமைந்த பின் 2024 ஜூலையில் முழு பட்ஜெட் வந்தது.

ஆண்டின் நடுவே பணம் போதாமல் போனால், அரசு துணை மானியக் கோரிக்கையோடு மீண்டும் அவைக்கு வருகிறது. வழக்கமாக மழைக்காலக் கூட்டத்தொடரிலும் குளிர்காலக் கூட்டத்தொடரிலும் இதைக் காணலாம். ஆண்டு முடிந்ததும் தலைமைக் கணக்குத் தணிக்கையாளர், அனுமதித்த தொகையையும் செலவான தொகையையும் ஒப்பிட்டு அறிக்கை தருகிறார். அந்த அறிக்கை 22 உறுப்பினர்கள் கொண்ட பொதுக் கணக்குக் குழுவுக்குப் போகிறது. 1967 முதல் எதிர்க்கட்சியைச் சேர்ந்த ஒருவரே அக்குழுவுக்குத் தலைமை வகிப்பது மரபாக இருக்கிறது. துறைச் செயலர்களை நேரில் அழைத்துக் கேள்வி கேட்கும் அதிகாரம் அதற்கு உண்டு. அனுமதித்த தொகையைவிட ஒரு துறை கூடுதலாகச் செலவழித்திருந்தால், அந்தச் செலவு நடந்து முடிந்து ஆண்டுகள் கடந்திருந்தாலும், குழு காரணங்களை ஆராய்ந்து பரிந்துரைத்த பிறகு, 115ஆவது பிரிவின்படி ‘மிகைச் செலவு மானியம்’ என்று மக்களவையில் தனியே வாக்கெடுப்பு நடத்தி அதை முறைப்படுத்தியாக வேண்டும்.